அப்பாவுக்குப் பிறகு மாந்தோப்பு: இப்போதே பிரிக்கலாமா?

போச்சம்பள்ளி பக்கம் 5 ஏக்கர் மாந்தோப்பு, அப்பாவுக்கு 64 வயது, அண்ணன் ஓசூரில் கம்பெனி வேலை, அக்காவைக் கட்டிக்கொடுத்தாயிற்று, தோப்பைப் பார்ப்பது நீங்கள், இப்போதே பிரிக்கலாமா என்று கேட்கிறீர்கள். சரி, பேச்சை இப்போதே தொடங்குங்கள். பத்திரத்துக்கு அவசரம் வேண்டாம்.

முதலில் பட்டா யார் பெயரில், நிலம் எப்படி வந்தது என்று பாருங்கள். பூர்வீகச் சொத்தென்றால் அக்காவுக்கும் சம பங்கு உண்டு. 'நகை போட்டு அனுப்பினோமே' என்பது கோர்ட்டில் நிற்காது. அப்பாவின் சுயசம்பாத்தியம் என்றால் உயில் எழுதலாம், பின்னால் மாற்றவும் முடியும். செட்டில்மென்ட், அதாவது உயிரோடு இருக்கும்போதே எழுதிக்கொடுக்கும் பத்திரம், பதிவாகிவிட்டால் லேசில் திரும்பாது. அப்படி எழுதினால், அப்பாவைப் பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையைப் பத்திரத்திலேயே சேருங்கள். அது இருந்தால், பிள்ளைகள் கவனிக்காதபோது பத்திரத்தை ரத்து செய்யக் கேட்க 2007 மூத்த குடிமக்கள் சட்டம் அவருக்குக் கைகொடுக்கும்.

பலர் கோட்டை விடுவது கிணற்றிலும் பாதையிலும்தான். எங்கள் வீட்டில் நிலத்தைச் சென்டு கணக்காக அளந்தார்கள், வண்டிப்பாதையை மறந்தார்கள். இன்றும் சித்தப்பா பங்கின் வரப்பு மேல்தான் மாங்காய்க் கூடையைத் தலையில் சுமக்கிறோம். தண்ணீர் முறை, மோட்டார் செலவு, டெம்போ வரும் வழி எல்லாம் பத்திரத்தில் வரட்டும்.

அப்புறம் வருமானம். மரமெல்லாம் பெங்களூரா ரகம் என்றால் கூழ் ஆலை சொல்வதுதான் விலை. கொஞ்சம் மரங்களை மேலே மட்டும் வெட்டிவிட்டு, வரும் துளிரில் செந்தூரா ரகத்தை ஒட்டுக் கட்டிப் பாருங்கள். காய்ப்புக்கு வர 2, 3 வருடம் பிடிக்கும், அதுவரை கறவை மாடு வீட்டுச் செலவைத் தாங்கும்.