பட்டத்தின் பெயரில் ஒரு சொல் கூடிவிட்டால்...

கேள்வி: என் மகள் பி.எஸ்சி. பயன்பாட்டு வேதியியல், பி.எட். படித்தவள். டெட் என்னும் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேறினாள், பட்டதாரி ஆசிரியர் போட்டித் தேர்விலும் நல்ல மதிப்பெண். சான்றிதழ் சரிபார்ப்பில் ‘வேதியியலுக்கு இணையான பட்டம் இல்லை’ என்று நிராகரித்துவிட்டார்கள். கோர்ட்டுக்குப் போனால் வேலை கிடைக்குமா? ஆசிரியர் நியமனம் என்றாலே ஏன் எல்லாம் வழக்கில் போய் நிற்கிறது? (ஒரு வாசகர், தருமபுரி)

பதில்: கிடைத்துவிடும் என்று ஆசை காட்ட எனக்கு மனமில்லை. எந்தப் பட்டம் எதற்கு இணை என்பதை வேலை கொடுப்பவர்தான் முடிவு செய்ய வேண்டும், நீதிமன்றம் அல்ல என்பது உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லிவரும் விஷயம். 2018இல் காஷ்மீர் வழக்கு ஒன்றில், ஐ.டி.ஐ. கேட்ட பணிக்கு டிப்ளமோ படித்தவர்கள் வந்தார்கள். ‘கூடுதலாகத்தானே படித்திருக்கிறோம்’ என்ற வாதம் அங்கே எடுபடவில்லை. கேரளத்தில் பிசிகல் சயின்ஸ் ஆசிரியர் பணிக்கு பாலிமர் வேதியியல் பட்டம் செல்லுமா என்ற வழக்கிலும் 2024இல் அதே கதைதான்.

அதனால் உங்கள் கோபம் போக வேண்டிய இடம் வேறு. மாணவர்களைக் கவர, பழைய பாடத்துக்கு ஒரு அடைமொழி சேர்த்துப் புதுப் படிப்பாக விற்கிறார்கள். அது அரசுப் பணிக்குச் செல்ல இணைத்தன்மைக் குழு பார்த்து, உயர்கல்வித் துறை அரசாணை போட வேண்டும். அந்த அரசாணை வரும் முன்பே சேர்க்கை நடக்கிறது. மூன்று வருடம் பட்டம், அப்புறம் பி.எட்., டெட், போட்டித் தேர்வு என எல்லாம் முடிந்த பிறகு, சான்றிதழ் சரிபார்ப்பு மேசையில்தான் முதல் தடவையாக அந்தப் பட்டத்தின் பெயரை ஒருவர் கவனித்துப் படிக்கிறார். பந்தியில் உட்காரவைத்து, இலை போட்டுப் பரிமாறிய பிறகு எழுப்பிவிடும் மரியாதை இது. ஆன்லைன் விண்ணப்பத்திலேயே அரசாணை எண்ணைக் கேட்டிருந்தால் அன்றைக்கே தெரிந்திருக்கும்.

எல்லாம் ஏன் வழக்காகிறது என்கிறீர்கள். ஆட்டம் நடக்கும்போதே விதியை மாற்றினால் வேறு என்ன நடக்கும்? 2013 டெட் தேர்வு முடிந்த பிறகு, 2014இல் இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 5 சதவீதத் தளர்வு வந்தது. 150க்கு 82 எடுத்தால் போதும். தளர்வு நியாயமானதுதான், முன்பே கொடுத்திருக்க வேண்டியது. காலம் தவறிக் கொடுத்ததால், சென்னை உயர் நீதிமன்றம் ஏற்ற அரசாணையை அதன் மதுரைக் கிளை ரத்து செய்ய, கடைசியில் 2016 நவம்பரில் உச்ச நீதிமன்றம் செல்லும் என்றது. நடுவில், பழைய மதிப்பெண்களையும் கூட்டித் தரம் பிரிக்கும் வெயிட்டேஜ்: டெட்டுக்கு 60, பிளஸ் டூவுக்கு 10, பட்டத்துக்கும் பி.எட்.டுக்கும் தலா 15. மதிப்பெண்ணை வாரி வழங்காத காலத்தில் பிளஸ் டூ படித்தவர்கள் அதில் அடிபட்டார்கள். 2018இல் அதுவும் போய், டெட் தேறினாலும் தனிப் போட்டித் தேர்வு என்றார்கள். கடைசியாக உச்ச நீதிமன்றத்தின் 2025 செப்டம்பர் 1 தீர்ப்பு: ஓய்வுக்கு 5 ஆண்டுக்கு மேல் இருக்கும் பணியிலுள்ள ஆசிரியர்களும் 2 ஆண்டுக்குள் டெட் தேற வேண்டும். இருபது வருடம் வகுப்பெடுத்தவர் இப்போது கைடு வாங்கிப் படிக்கிறார்.

சரி, மகள் விஷயத்துக்கு வருவோம். அவர் படித்த பல்கலைக்கழகத்தின் அந்தப் பட்டத்துக்கு இணைத்தன்மை அரசாணை இருக்கிறதா என்று தகவல் உரிமைச் சட்டத்தில் உயர்கல்வித் துறையிடம் கேளுங்கள். தேர்வு அறிவிக்கைக்கு முந்தைய தேதியில் அரசாணை இருந்து, அதைப் பார்க்காமல் தள்ளியிருந்தால், தயங்காமல் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடுங்கள். அது வலுவான வழக்கு. ‘போன தடவை இதே பட்டத்துக்கு வேலை கொடுத்தார்களே’ என்பதை மட்டும் நம்பிப் போகாதீர்கள். முன்பு ஒருவருக்குத் தவறாகக் கொடுத்ததை உங்களுக்கும் கொடு என்று கேட்க முடியாது என்றுதான் பதில் வரும். அரசாணையே இல்லை என்றால், பாடத்திட்டத்தை இணைத்துப் பல்கலைக்கழகப் பதிவாளருக்கு மனுக் கொடுத்து, இணைத்தன்மைக்கு அனுப்பச் சொல்லுங்கள். இந்தத் தேர்வுக்கு அது உதவுவது சந்தேகம். அடுத்ததற்கு உதவும்.