நெஞ்சும் நெருக்கமும்

மதிப்பிற்குரிய டாக்டருக்கு,

என் கணவருக்கு வயது 54. மூன்று மாதங்களுக்கு முன் மாரடைப்பு வந்து ஸ்டென்ட் வைத்தார்கள். இப்போது நன்றாக நடமாடுகிறார். ஆனால் உறவின்போது ஏதேனும் ஆகிவிடுமோ என்று அஞ்சி நான் விலகியே படுக்கிறேன். மாரடைப்புக்கு இரண்டு ஆண்டுகள் முன்பிருந்தே அவருக்கு விறைப்புக் குறைவு இருந்தது. இப்போது அதற்கு மாத்திரை வாங்கட்டுமா என்கிறார்.

- பெயர் வெளியிட விரும்பாத வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

மனைவியுடன் கொள்ளும் இயல்பான உறவு இதயத்துக்குத் தரும் உழைப்பு, ஏறத்தாழ இரண்டு மாடி ஏறுவதற்குச் சமம். நாடித்துடிப்பு பெரும்பாலோருக்கு நிமிடத்துக்கு 130-ஐத் தாண்டுவதில்லை; உச்சத்தில் கூடுவதும் சிறிது நேரத்தில் தணிந்துவிடும். நெஞ்சுவலியோ மூச்சுத்திணறலோ இன்றி மிதமான உடற்பயிற்சி செய்ய முடிகிற இதயநோயாளிகள் உறவு கொள்ளலாம் என்றே அமெரிக்க இதயச் சங்கம் 2012-இல் வெளியிட்ட அறிக்கையும் சொல்கிறது. ஐயமிருந்தால் டிரெட்மில் சோதனை செய்து பார்க்கலாம்.

உங்கள் கடிதத்தில் என்னை வருந்த வைத்தவை அந்த இரண்டு ஆண்டுகள். கிளர்ச்சியின்போது நரம்புமுனைகளும் இரத்தக்குழாய்களின் உட்சுவரும் நைட்ரிக் ஆக்சைடைச் சுரக்க, குழாய்கள் தளர்ந்து இரத்தம் நிறைவதால்தான் விறைப்பு உண்டாகிறது. சர்க்கரையும் புகையும் உயர் இரத்த அழுத்தமும் அந்த உட்சுவரைக் கெடுக்கும்போது, 1 முதல் 2 மில்லிமீட்டர் அகலமே கொண்ட ஆண்குறித் தமனிகளில் குறை முதலில் தெரிந்துவிடுகிறது; 3 முதல் 4 மில்லிமீட்டர் அகலமுள்ள இதயத் தமனிகளில் அது வெளிப்படப் பெரும்பாலும் சில ஆண்டுகள் ஆகின்றன. மனச்சோர்வாலும் சில மருந்துகளாலும்கூட விறைப்பு குறையும் என்பதால் இதைக் கொண்டு மட்டும் இதயநோய் என்று முடிவுகட்ட முடியாது. ஆயினும் இதை 'ஆண்மைக் குறைவு' என்று பெயரிட்டு வெட்கத்தில் மறைக்கிற வழக்கத்தால், இரத்தப் பரிசோதனை செய்திருக்க வேண்டிய காலத்தை எத்தனையோ குடும்பங்கள் இழந்துவிடுகின்றன. உங்கள் கணவரைக் குறைசொல்ல இதை நான் எழுதவில்லை. இதைப் படிக்கும் மற்ற ஆண்களுக்காக எழுதுகிறேன்.

மாத்திரையை மட்டும் அவர் தாமாக வாங்கவே கூடாது. நெஞ்சுவலிக்கு நாக்கின் அடியில் வைக்கும் நைட்ரேட் மருந்தும் விறைப்புக்குத் தரும் சில்டெனாஃபில் வகை மாத்திரையும் உடலில் ஒன்றுசேர்ந்தால் இரத்த அழுத்தம் உயிருக்கே ஆபத்தாகும் அளவுக்குச் சரியக்கூடும். அவர் இப்போது எடுக்கும் மருந்துகள் அனைத்தையும் பார்த்து இதய மருத்துவர்தான் முடிவுசெய்ய வேண்டும். அடுத்த பரிசோதனைக்கு நீங்களும் உடன் செல்லுங்கள். அவர் கேட்கத் தயங்கினால் நீங்களே கேளுங்கள். அதுவரை உறவைத் தள்ளிவைத்தாலும், அவர் அருகிலேயே படுங்கள்.