மெமரி கார்டில் ஏற்றிய ஆட்டங்கள் (கடிதம்)

அன்புள்ள அண்ணனுக்கு,

திருமங்கலத்திலிருந்து எழுதுகிறேன். செல்போன் சர்வீஸ் கடையில் நாலு வருடமாக வேலை. சித்தப்பா துபாயிலிருந்து வந்தபோது கொடுத்த பழைய பிஎஸ்பி (சோனியின் கையடக்க கேம் பெட்டி) என்னிடம் இருக்கிறது, கூடவே நாலு டிஸ்க். மற்ற கேமெல்லாம் நெட்டிலிருந்து டவுன்லோட் செய்து ஏற்றியவை. எந்தக் கடையிலும் இப்போது விற்காத சரக்கு, நான் எடுத்தால் யாருக்கு நஷ்டம் என்று நினைத்துக்கொள்வேன். போன மாதத்திலிருந்து எங்கள் முதலாளி இதையே தொழிலாக்கிவிட்டார். பையன்கள் கொண்டுவரும் பிஎஸ்பி, திருட்டு கேம் ஓட சிப் மாட்டிய ஸ்விட்ச் (நிண்டெண்டோ கம்பெனியின் கேம் பெட்டி), சைனா கேம் பெட்டி எல்லாவற்றிலும் நான் கேம் ஏற்றித் தர வேண்டும். கார்டுக்கு முந்நூறு ரூபாய். "இருபத்துநாலு மணி நேரத்தில் அழித்துவிட்டால் தப்பில்லை, நம்ம ஊரில் இதற்கெல்லாம் சட்டமே கிடையாது" என்கிறார். எனக்கு மனசு ஒப்பவில்லை. நானே டவுன்லோட் செய்கிறவன், எந்த முகத்தோடு முடியாது என்று சொல்வது?

(பெயர் போட வேண்டாம் அண்ணே.)

அன்புள்ள தம்பிக்கு,

உங்கள் முதலாளி சொன்ன இரண்டுமே தவறு. இருபத்துநாலு மணி நேரக் கணக்கு நம் சட்டத்தில் எங்கேயும் கிடையாது. டவுன்லோட் தளங்களில் யாரோ எழுதிவைத்து, வாய்வழியாகப் பரவிய சமாதானம் அது. பதிப்புரிமைச் சட்டமோ 1957லிருந்து இருக்கிறது. பாட்டு கேசட், வீடியோ கேசட் திருட்டைத் தடுக்க 1984இல் அதைத் திருத்தினார்கள். அந்தத் திருத்தத்தில்தான் கம்ப்யூட்டர் புரோகிராமையும் இலக்கியப் படைப்பு என்ற வகையில் சேர்த்தார்கள். கதை, கவிதை உட்கார்ந்திருக்கும் அதே பந்தியில்தான் சட்டப்படி உங்கள் கேமும் உட்கார்ந்திருக்கிறது. "கம்ப்யூட்டர்" என்பதற்கு அந்தச் சட்டம் தரும் விளக்கம் பெரியது, கையடக்க பிஎஸ்பியும் அதற்குள் அடங்கும்.

63ஆம் பிரிவுப்படி உரிமை மீறலுக்கு 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். இது பிடியாணை இல்லாமல் கைது செய்யக்கூடிய, ஜாமீனில் விட முடியாத குற்றம் என்று 2022இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. திருட்டு நகல் என்று தெரிந்தே பயன்படுத்துகிறவருக்கு 63பி தனியாக இருக்கிறது. ஆனால் இரண்டு பிரிவிலும் ஒரு வாசல் திறந்திருக்கிறது. லாபத்துக்காகவோ தொழிலாகவோ செய்யவில்லை என்றால் தண்டனையைக் குறைக்கலாம். 63பியில் சிறையே இல்லாமல் அபராதத்தோடும் விடலாம். எந்த முகத்தோடு மறுப்பது என்று கேட்டீர்களே தம்பி, உங்கள் அறையில் நீங்கள் செய்வதும் முதலாளியின் கல்லாவில் நடப்பதும் ஒன்றில்லை என்று சட்டமே பிரித்துப் பார்க்கிறது. இரண்டும் மீறல்தான், ஆனால் எடை வேறு.

எனக்கு இது படித்துத் தெரிந்த விஷயம் மட்டுமில்லை. 1988இல் மதுரை சிம்மக்கல் பக்கம் ஒரு ரெக்கார்டிங் சென்டரில் வேலை பார்த்தேன். காலண்டர் தாளின் பின்பக்கத்தில் பாட்டு லிஸ்ட் எழுதிக்கொண்டு வருவார்கள். அறுபது கேசட்டா, தொண்ணூறா என்று கேட்டு, ஒரு பக்கத்துக்கு எத்தனை நிமிடம் என்று கூட்டிப் பார்த்து, கடைசிப் பாட்டு பாதியில் அறுந்துபோகாமல் அடுக்குவேன். அதில் எனக்குப் பெருமை உண்டு. பந்துமுனைப் பேனாவால் லேபிள் எழுதுவதும் நான்தான்.

சித்திரைத் திருவிழா வந்தால் அழகர் பாட்டு, கருப்பசாமி பாட்டு கேசட்டுகளை மொத்தமாக நகலெடுத்து வைப்போம், இருபது ரூபாய். அழகர் ஆற்றில் இறங்குவதற்கு முதல் நாள் சாயங்காலம், உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து நடந்து களைத்தவர் மாதிரி ஒருவர் வந்து நின்றார். தோளில் துண்டு, கையில் மஞ்சப்பை. டெக்கில் ஓடிக்கொண்டிருந்த பாட்டைக் கொஞ்ச நேரம் கேட்டார். "தம்பி, இது எங்க வாங்குனது?" என்றார். "நாங்களே பதிஞ்சதுண்ணே" என்றேன். கேசட்டை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். என் கையெழுத்தில் "அழகர் பாட்டு" என்று இருந்தது, அவ்வளவுதான். "பாடுனது நான்தான்யா" என்றார். வட்டிக்கு வாங்கி ஐந்நூறு கேசட் போட்டாராம், முந்நூறுக்கு மேல் வீட்டில் கிடக்கிறதாம். சத்தம் போடவில்லை. இருபது ரூபாயை எண்ணிக் கொடுத்துவிட்டு அவர் பாட்டை அவரே வாங்கிக்கொண்டு போனார். நான் காசை வாங்கிக் கல்லாவில் போட்டேன். லேபிளில் அவர் பெயரைக்கூட நான் எழுதவில்லை என்பது இத்தனை வருடம் கழித்தும் என்னை விடவில்லை.

அதே கடையில் இன்னொன்றும் நடந்தது, அதையும் மறைக்கக் கூடாது. கம்பெனி பதிப்பதை நிறுத்திவிட்ட பழைய இசைத்தட்டுகள் முதலாளியிடம் இருந்தன. அதிலிருந்து ஒரு நாதஸ்வரக் கச்சேரியைப் பதிந்து கொடுத்தோம். பல வருடம் கழித்து அந்த வித்வானின் பேரன் என்னைத் தேடி வந்தார். தாத்தாவின் வாசிப்பு அவர்கள் வீட்டில் ஒரு தட்டுகூட மிஞ்சவில்லை, கிடைத்தது எங்கள் கேசட் ஒன்றுதான்.

ஆகவே "யாருக்கு நஷ்டம்" என்ற உங்கள் கேள்வியை நான் தள்ளிவிட மாட்டேன். நிண்டெண்டோ 3டிஎஸ் பெட்டிக்கான ஆன்லைன் கடையில் 2023 மார்ச் 27க்குப் பிறகு எதையும் விலைக்கு வாங்க முடியாது. அமெரிக்காவில் வெளிவந்த பழைய ஆட்டங்களில் 87 சதவீதம் இன்று விற்பனையில் இல்லை என்று வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை அதே ஆண்டு ஆய்வு வெளியிட்டது. நம் சட்டத்தில் படைப்பாளியின் ஆயுளுக்கு மேலும் 60 ஆண்டு உரிமை ஓடும், அதுவரை அந்த மெமரி சிப்பும் டிஸ்க்கும் தாங்காது. விற்கவும் மாட்டேன், எடுக்கவும் விட மாட்டேன் என்பது நியாயமில்லை என்றே நினைக்கிறேன். சட்டம் அந்த விலக்கை இன்னும் தரவில்லை, தர வேண்டும்.

ஆனால் "விற்பதில்லை" என்பதைத் தேடிப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள். பிஎஸ்பியிலிருந்தே வாங்கும் வசதியை சோனி 2021 ஜூலையில் நிறுத்தியது. தன் மற்ற கேம் பெட்டிகளான பிஎஸ்3, வீட்டாவின் ஆன்லைன் கடைகளையும் மூடப்போவதாக அந்த வருடம் அறிவித்து, ஆடுகிறவர்கள் கொதித்ததால் பின்வாங்கியது. பழைய பிஎஸ்பி ஆட்டங்கள் சிலவற்றைப் புதிய பெட்டிகளுக்கும் கொண்டுவந்திருக்கிறார்கள். பழைய டிஸ்க்கைக் கைமாற்றி வாங்கவும் வழி இருக்கிறது.

ஸ்விட்ச் விஷயத்தில் எனக்குத் தயக்கமே இல்லை. இன்றைக்குக் கடையில் இருக்கிற சரக்கு அது. அதில் பெரிய கம்பெனி ஆட்டங்களோடு, ஒருவரோ இரண்டு பேரோ வருடக்கணக்கில் உட்கார்ந்து செய்த ஆட்டங்களும் கிடக்கின்றன. புது கேம் நாலாயிரம் ரூபாய்க்கு மேல் போகிறது, திருமங்கலத்துப் பையனால் முடியாது என்பது உண்மை. அந்தப் பையன் மேல் எனக்குக் கோபமில்லை. அவன் தரும் முந்நூறில் செய்தவனுக்கு ஒரு பைசா போகாமல் கார்டை நிரப்பி விற்கிறார்களே, அங்கேதான் என் கோபம். போலீஸ் வந்தால் கார்டைச் செருகிய கை உங்களுடையதாக இருக்கும் என்பதையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

முதலாளியிடம் தர்மம் பேச வேண்டாம், சண்டையும் வேண்டாம். "பேட்டரி மாத்துறேன், டிஸ்ப்ளே மாத்துறேன், ஸ்டிக் ரிப்பேர் பாக்குறேன், கேம் ஏத்துற வேல மட்டும் வேண்டாம்ணே" என்று சொல்லுங்கள். நாலு வருடம் பழகிய கையை அவர் லேசில் விட மாட்டார்.

சித்தப்பா தந்த நாலு டிஸ்க்குக்கு வருகிறேன். முறையாகக் கையில் உள்ள புரோகிராமை, தொலைந்தோ கெட்டோ போனால் உதவும் என்று நகலெடுத்து வைக்க 52ஆம் பிரிவு இடம் தருகிறது. "அந்தப் பிரதியிலிருந்தே" என்பதுதான் அதில் உள்ள சொல். உங்கள் டிஸ்க்கிலிருந்து நீங்களே எடுக்க வேண்டும், அதே கேமை நெட்டிலிருந்து இறக்கினால் அந்த வார்த்தைக்குள் வராது. நகலெடுக்க விடாமல் கம்பெனி போட்ட டிஜிட்டல் பூட்டை உடைப்பதைத் தடுக்கும் 65ஏ பிரிவும் உரிமையை மீறும் நோக்கம் இருந்தால் என்றுதான் சொல்கிறது. கஸ்டம் ஃபர்ம்வேர் (கம்பெனி தந்ததற்குப் பதிலாக வெளியார் மாற்றி எழுதிய உள் மென்பொருள்) போட்ட பிஎஸ்பியை யுஎஸ்பி வயரில் கம்ப்யூட்டரோடு இணைத்தால் டிஸ்க் ஒரு ஐஎஸ்ஓ கோப்பாக, அதாவது முழு டிஸ்க்கின் நகலாக, தெரியும், அப்படியே இழுத்துப் போட்டுக்கொள்ளலாம். லென்ஸ் வயதானது, டிஸ்க்கின் பிளாஸ்டிக் கூடும் விரிசல் விடும். இந்த ஞாயிற்றுக்கிழமையே நாலையும் எடுத்து வைத்துவிடுங்கள்.