பல்செட் கழன்று விழும் ஷாட் புரியவில்லை என்றால்

உங்கள் பேச்சில்லாத படத்தில் நடிகர் தும்மும்போது பல்செட் கழன்று விழுகிறது, ஆனால் பார்ப்பவருக்கு விழுந்ததே தெரியவில்லை, வெறும் தும்மலாக இருக்கிறது என்கிறீர்கள். தும்மல் முடிந்ததும் முதலில் அவருடைய வாயைக் காட்டுங்கள், அப்புறம்தான் தரையில் கிடக்கும் பல்செட்டை. விழுந்ததே தெரியவில்லை, வெறும் தும்மலாக இருக்கிறது என்கிறீர்கள். பேச்சில்லாத படத்தில் சிரிப்பை வரவழைப்பது விழும் பொருள் இல்லை, பொக்கையாகிப்போன முகம். சொந்தப் பல் உள்ளவர் இரு உதடுகளையும் பற்களுக்கு மேல் உள்ளே மடித்துக்கொண்டாலே அந்தத் தோற்றம் வந்துவிடும்.

வேகமும் காரணமாக இருக்கலாம். பழைய ஊமைப்படங்களின் வேக நடைக்காக நொடிக்கு 16 ஃபிரேமில் (ஒவ்வொரு அசையாப் படமும் ஒரு ஃபிரேம்) எடுத்து 24-இல் ஓட்டுவதாக எழுதியிருக்கிறீர்கள். ஒரு மீட்டர் உயரத்திலிருந்து விழ ஏறக்குறைய 0.45 நொடி ஆகும். அதில் 7 ஃபிரேம்தான் பதிவாகும், திரையில் 0.3 நொடியில் முடிந்துவிடும். கண்ணுக்குச் சிக்காது. இந்த ஒரு ஷாட்டை மட்டும் நொடிக்கு 48 ஃபிரேமில் எடுத்து அதே 24-இல் ஓட்டுங்கள், திரையில் 0.9 நொடி கிடைக்கும்.

கதை தெரியாத ஒருவருக்கு ஒரே ஒருமுறை போட்டுக்காட்டி, என்ன விழுந்தது என்று கேளுங்கள். “பல்செட்” என்று சட்டென வராவிட்டால், தொடக்கத்திலேயே நடிகர் அதைத் தம்ளர் தண்ணீரிலிருந்து எடுத்து மாட்டுவதைச் சேருங்கள். உருண்டைக் கண்ணாடித் தம்ளராக இருந்தால் தண்ணீர் லென்ஸ் போலப் பல்லைப் பெரிதாக்கிக் காட்டும், நல்லது.

யாராவது அன்றாடம் போடும் பல்செட்டைத் தயவுசெய்து இரவல் வாங்காதீர்கள். அக்ரிலிக் கெட்டித் தரையில் விழுந்தால் விரிசல் விடும், கொதிநீர் பட்டால் வளையும். பிறகு அது ஈறில் சரியாக உட்காராது, அவருக்கு வாய் புண்ணாகும்.