வாசகர் கேள்வி – பதில்: போர் பிரித்த வீடுகளும் அவற்றைச் சொல்லும் நாவல்களும்

உள்நாட்டுப் போர்களால் பிளவுண்ட குடும்பங்களைப் பற்றிய வரலாற்று நாவல்கள் குறித்து எழுதுமாறு வாசகர்களைக் கேட்டிருந்தோம். வந்த கடிதங்களில் சிலவற்றுக்கு இந்த இதழில் பதில் தருகிறோம்.

கேள்வி: பல்கலைக்கழக விடுமுறையில் வீட்டுக்கு வந்திருக்கும் என் பேர்த்தி, அமெரிக்க உள்நாட்டுப் போர் பற்றிய நாவல்களை ஒன்றன்பின் ஒன்றாக வாசித்து வருகிறாள். எல்லாவற்றிலும் அண்ணன் ஒரு படையில் இருக்கிறான், தம்பி எதிர்ப்படையில் இருக்கிறான். இது உண்மையில் நடந்ததா, அல்லது கதைக்குச் சுவை சேர்க்க எழுத்தாளர்கள் செய்யும் வேலையா? – ஓய்வுபெற்ற ஆசிரியை, வெள்ளவத்தை

பதில்: நடந்ததுதான் அம்மா. ஆனால் எல்லா இடங்களிலும் ஒரே அளவில் நடக்கவில்லை. 1861 முதல் 1865 வரை நடந்த அந்தப் போரில், ஆழ்ந்த தெற்கிலும் தூர வடக்கிலும் வாழ்ந்த குடும்பங்களிற் பெரும்பாலானவை முழுமையாக ஒரே பக்கத்தில் நின்றன. வீடுகள் நடுவே பிளந்தது வடக்குக்கும் தெற்குக்கும் இடையிலிருந்த எல்லை மாநிலங்களில்தான். கென்டக்கி அடிமை முறையை வைத்திருந்தபடியே ஒன்றியத்தை விட்டுப் பிரியாமல் இருந்த மாநிலம். 1861 மே மாதத்தில் தான் நடுநிலை என்று அறிவித்து, அவ்வருடம் செப்டெம்பரிலேயே அந்த நிலையைக் கைவிட நேர்ந்தது. வடக்கின் ஜனாதிபதி லிங்கன், தெற்கின் ஜனாதிபதி ஜெஃபர்சன் டேவிஸ் ஆகிய இருவருமே அந்த மாநிலத்தில் பிறந்தவர்கள். போரைத் தவிர்ப்பதற்காக 1860 டிசெம்பரில் ஒரு சமரசத் திட்டத்தை முன்வைத்த செனட்டர் ஜோன் கிரிட்டென்டனும் கென்டக்கிக்காரர். அவருடைய மகன்களுள் ஜோர்ஜ் தெற்கின் படையிலும் தோமஸ் வடக்கின் படையிலும் ஜெனரல்களாகப் பதவி வகித்தார்கள். லிங்கனின் மனைவி மேரியின் மாற்றாந்தாய்க்குப் பிறந்த சகோதரர்களிற் சிலர் தெற்குக்காகப் போரிட்டு இறந்தார்கள். அவருடைய தங்கை எமிலியின் கணவர், தெற்கின் ஜெனரல் ஹெல்ம், 1863 செப்டெம்பரில் சிக்கமோகாவில் கொல்லப்பட்டார். அந்த வருடம் முடிவதற்குள், விதவையான எமிலி வெள்ளை மாளிகையில் தன் அக்காவுடன் வந்து தங்கினார் என்பதை எந்த நாவலாசிரியரும் துணிந்து கற்பனை செய்திருக்க மாட்டார்.

எனவே, கதையின் வீடு எந்த ஊரில் இருக்கிறது என்று முதலில் பார்க்கும்படி உங்கள் பேர்த்தியிடம் சொல்லுங்கள். அதன் பிறகு, சகோதரர்கள் எந்தக் காரணத்தாற் பிரிகிறார்கள் என்று பார்க்கட்டும். பலவீனமான நாவலில் அவர்கள் இராச்சாப்பாட்டு மேசையில் அமர்ந்து கொள்கைப் பிரசங்கம் செய்து பிரிவார்கள். உண்மையில், கொள்கையைக் காட்டிலும் கடன், உத்தியோகம், காணி, சம்பந்தி வீடு, போர் மூண்ட நாளில் யார் எந்த ஊரில் இருந்தார் என்பன போன்றவையே மனிதர்களைப் பக்கம் சேர்க்கின்றன. பதினேழாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் அரசருக்கும் பாராளுமன்றத்துக்கும் இடையே நடந்த உள்நாட்டுப் போரில் வேர்னி குடும்பத்துக்கு நேர்ந்ததை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். தந்தை சேர் எட்மண்ட் வேர்னிக்கு அரசரின் வழக்கு நியாயமானது என்ற எண்ணம் இல்லை; அரசர் விட்டுக்கொடுத்தால் நல்லது என்றே அவர் விரும்பினார். ஆனாலும் ஏறத்தாழ முப்பது வருடம் அவருடைய சோற்றை உண்டவன் இப்போது கைவிட மாட்டேன் என்று சொல்லி, அரசரின் கொடியை ஏந்திச் சென்று, 1642 ஒக்டோபர் 23இல் எட்ஜ்ஹில் போர்க்களத்தில் மாண்டார். செஞ்சோற்றுக் கடனுக்காகக் கர்ணன் நின்ற இடத்தை அறிந்த நமக்கு இந்த மனிதரைப் புரிந்துகொள்வதற்கு நீண்ட விளக்கம் வேண்டியதில்லை. மூத்த மகன் ரால்ஃப் பாராளுமன்றத்தின் பக்கம் நின்றார். அரசர் பக்கம் இருந்த தம்பி எட்மண்ட், தந்தையும் தானும் இவ்வளவு நேசிக்கும் அண்ணனுக்கு எதிரிகளாக நிற்க வேண்டியிருப்பது நெஞ்சை வருத்துகிறது என்று அவருக்குக் கடிதம் எழுதினார். அந்தக் கடிதங்கள் குடும்பத்தின் கிளேடன் இல்லத்தில் பாதுகாக்கப்பட்டு இன்றும் இருக்கின்றன. தம்பி 1649இல் அயர்லாந்தின் ட்ரொஹெடாவில் கொல்லப்பட்டார்.

இன்னும் ஒன்றைச் சொல்ல வேண்டும். பாராளுமன்றத் தரப்புக் கேட்ட உறுதிமொழியில் ஒப்பமிட மறுத்த ரால்ஃப் பிரான்சுக்குப் போனபோது, அவருடைய சொத்துகள் முடக்கப்பட்டன. அவற்றை மீட்பதற்காக 1646இல் தனியே லண்டனுக்குத் திரும்பி, அதிகாரிகளின் வாசல்களில் ஏறி இறங்கி, 1648இல் காரியத்தை முடித்தவர் அவருடைய மனைவி மேரி. போர்க்களத்தை விரிவாக எழுதிவிட்டு மேரியைப் போன்றவர்களுக்கு ஒரு பந்தி மட்டும் ஒதுக்கும் நாவல், குடும்பத்தைப் பற்றிய நாவல் ஆகாது.

கேள்வி: வரலாற்று நாவலில் எதை நம்பலாம், எதை நம்பக் கூடாது? வரலாற்று மாணவன் என்ற முறையில் எனக்கு இது பெரிய குழப்பமாக இருக்கிறது. – கொட்டாஞ்சேனை வாசகர்

பதில்: திகதியும் போர்க்கள விபரமும் பிழைத்தால் நூலகத்தில் ஒரு பாடநூலை எடுத்துத் திருத்திக்கொள்ளலாம், அது பெரிய ஆபத்தல்ல. யார் அந்தக் கதைக்குள் அனுமதிக்கப்படவே இல்லை என்பதில்தான் நாவல் நம்மை ஏமாற்றுகிறது. அமெரிக்கத் தெற்கின் பெருந்தோட்டக் குடும்பங்களை எழுதிய நாவல்களிற் பல, எஜமானின் வீடு எரிந்ததற்காக நம்மை அழ வைக்கின்றன. 1860ஆம் ஆண்டின் குடிசன மதிப்பீட்டின்படி அந்த நாட்டில் 39 இலட்சத்துக்கும் அதிகமானோர் அடிமைகளாக இருந்தார்கள். அவர்களுடைய குடும்பங்கள் போருக்கு முன்பே, ஏல மேடைகளில், தாய் ஒரு மாநிலத்துக்கும் பிள்ளை இன்னொரு மாநிலத்துக்குமாகப் பிரிக்கப்பட்டிருந்தன. போர் முடிந்து விடுதலை கிடைத்த பின்னர், பல பதின்ம வருடங்களாக அவர்கள் பத்திரிகைகளில் சிறிய அறிவித்தல்களை வெளியிட்டு உறவுகளைத் தேடினார்கள். எந்த எஜமானிடம் இருந்தோம், எந்த ஊரில் விற்கப்பட்டோம், அம்மாவின் பெயர் என்ன, சகோதரிகள் எத்தனை பேர் என்று அந்த அறிவித்தல்கள் சொல்லும். பிலடெல்பியாவிலிருந்து வந்த கிறிஸ்டியன் ரெக்கோர்டர் என்ற கறுப்பினத் திருச்சபைப் பத்திரிகையில் அவற்றை நிறையக் காணலாம். தேவாலயங்களில் வாசித்து அறிவிக்குமாறு போதகர்களை வேண்டிக்கொண்டவையும் உண்டு. காணாமற் போனவர்களின் படங்களை ஏந்தி வீதியோரம் அமர்ந்திருக்கும் தாய்மாரைக் கண்ட ஒரு நாட்டில் வாழும் நமக்கு, அந்த நாலு வரிகள் எத்தனை கனமானவை என்று தெரியும்.

உள்நாட்டுப் போரில் எந்தக் குடும்பம் சிதைந்தது என்று கேட்டால், பதில் பெரும்பாலும் நாவலின் சமையலறையிலும் தொழுவத்திலும் பெயரில்லாமல் நிற்கும். ஒரு நாவலை முடித்ததும், வேலைக்காரப் பாத்திரங்களுக்குப் பெயர் இருந்ததா, அவர்களுக்கென்று ஒரு வீடும் உறவும் சொல்லப்பட்டனவா என்று திரும்பிப் பாருங்கள். அந்த நாவல் எவ்வளவு நேர்மையானது என்று அதிலேயே தெரிந்துவிடும்.

கேள்வி: என் அம்மாவுக்கு வயது எழுபதுக்கு மேல். 83இல் எல்லாவற்றையும் இழந்து, கப்பலில் யாழ்ப்பாணம் போய், பின்னர் அங்கிருந்தும் இடம்பெயர்ந்து, மறுபடி கொழும்புக்கு வந்தவர். போர் நாவல் எதைக் கொடுத்தாலும் மூடி வைத்துவிடுகிறார். வாசித்தால் மனப்பாரம் குறையும் என்று நான் நினைக்கிறேன். வற்புறுத்தலாமா? – தெஹிவளை வாசகி

பதில்: வற்புறுத்த வேண்டாம் மகளே. நாவல் மருந்து அல்ல. அதை வாசித்தாக வேண்டும் என்ற கடமை எவருக்கும் இல்லை, எல்லாவற்றையும் நேரிலே கண்டவருக்கு நிச்சயமாக இல்லை. அவர் மூடி வைப்பதும் ஒரு பதில்தான், அதை மதியுங்கள்.

ஆனால் நீங்கள் வாசியுங்கள். ஸ்பெயினில் 1936 முதல் 1939 வரை நடந்த போருக்குப் பிறகு, அனுபவித்த தலைமுறை பெரும்பாலும் பேசவில்லை. வென்ற பிராங்கோவின் சர்வாதிகாரம் இருந்த காலத்தில் தோற்ற பக்கத்தாரால் பேசவும் முடியவில்லை. 1977இன் பொதுமன்னிப்புச் சட்டத்துக்குப் பின்னரும் அந்த மௌனம் நீண்டது. 2000ஆம் ஆண்டில் வீதியோரப் புதைகுழிகளைத் தோண்டி எடுக்கும் முயற்சியைத் தொடங்கியவர்கள் பெரும்பாலும் பேரப்பிள்ளைகளே. அங்கே கவிஞர்களான மச்சாடோ சகோதரர்கள் இருந்தார்கள். போருக்கு முந்திய வருடங்களில் இருவரும் சேர்ந்து நாடகங்கள் எழுதியவர்கள். போர் தொடங்கியபோது அண்ணன் மனுவேல், பிராங்கோவின் படை பிடித்திருந்த புர்கோஸ் நகரில் அகப்பட்டு, அந்தப் பக்கத்தின் கவிஞரானார். தம்பி அன்டோனியோ குடியரசின் பக்கம் நின்று, வயதான தாயுடன் எல்லையைக் கடந்து, 1939 பெப்ரவரி 22இல் பிரான்சின் கொலியூரில் இறந்தார். சில நாட்களில் தாயும் இறந்தார்.

நாவலால் ஒரு சமூகத்தின் நினைவையே மாற்ற முடியும் என்பதற்குப் பின்லாந்தைச் சொல்லலாம். 1918இன் தொடக்க மாதங்களில் அங்கு தொழிலாளர் தரப்பான சிவப்பர்களுக்கும் அரசுத் தரப்பான வெள்ளையர்களுக்கும் இடையே நடந்த போரிலும், அதைத் தொடர்ந்த மரணதண்டனைகளிலும் சிறை முகாம்களிலுமாக, சிறிய நாடான அது 36,000க்கும் மேற்பட்ட உயிர்களை இழந்தது. வென்றவர்களின் கதையே நாற்பது வருடமாகப் பாடநூல்களில் இருந்தது. வைனோ லின்னா, திருச்சபைக் காணியில் குத்தகைக்கு இருந்த கொஸ்கெலா என்ற குடும்பத்தை வைத்து 1959க்கும் 1962க்கும் இடையில் மூன்று பாகங்களில் ஒரு நாவல் எழுதினார். போரைச் சொல்லும் இரண்டாம் பாகம் வெளிவந்ததும் வரலாற்றாசிரியர்கள் அவருடன் வாதாடினார்கள், அவரும் பதில் எழுதினார். தோற்றவர்கள் எதற்காக ஆயுதம் ஏந்தினார்கள் என்ற கேள்வி அதன் பிறகு அந்த நாட்டில் வெளிப்படையாகப் பேசப்பட்டது. குத்தகைக் காணியைப் பற்றிய மனத்தாங்கல் சிறுகச் சிறுகச் சேர்ந்து கோபமாவதை முதற்பாகம் முழுவதும் பொறுமையாகக் காட்டியதாலேயே, வாசகர்கள் இரண்டாம் பாகத்தை நம்பினார்கள் என்பது என் எண்ணம்.

தூர நாட்டின் இத்தகைய கதை ஒன்றை நீங்கள் வாசித்து, ஒரு மாலைப்பொழுதில் அம்மாவிடம் கதையாக மட்டும் சொல்லிப் பாருங்கள். அவர் கேட்டுக்கொண்டிருப்பார், அல்லது எழுந்து போவார். அவர் தன் கதையைச் சொல்லத் தொடங்கினால் இடையில் கேள்வி கேட்காதீர்கள்.

கேள்வி: இத்தகைய நூல்களைக் கொழும்பில் எங்கே பெறலாம்? – பம்பலப்பிட்டி வாசகர்

பதில்: வெள்ளவத்தையிலுள்ள கொழும்புத் தமிழ்ச் சங்கத்தின் நூலகத்திலிருந்து தொடங்குங்கள், விஹாரமகாதேவிப் பூங்காவுக்கு அருகிலுள்ள பொது நூலகத்திலும் தமிழ்ப் பிரிவைக் கேட்டுப் பாருங்கள். ஈழத்து நாவல்களுக்கு, நூலகம் நிறுவனத்தின் இணையத்தளத்தில் ஏராளமான நூல்களை இலவசமாக வாசிக்கலாம்.

கேள்வி: எண்பதுகளில் என் பெரியப்பாவும் சித்தப்பாவும் வெவ்வேறு இயக்கங்களில் இருந்தார்கள். இருவருக்கும் இடையில் கடைசி வரை பேச்சு இல்லை. பெரியப்பா இப்போது உயிருடன் இல்லை. இதை நாவலாக எழுத விரும்புகிறேன். வீட்டுச் சங்கதியைச் சந்திக்குக் கொண்டுவராதே என்று உறவினர்கள் கோபிக்கிறார்கள். – வத்தளையிலிருந்து ஓர் இளம் எழுத்தாளர்

பதில்: தம்பி, உங்கள் உறவினர்களின் கோபத்தில் பயமும் இருக்கிறது, அதற்கு நியாயமும் இருக்கிறது. ஆயினும் இந்த விடயத்தைச் சந்திக்குக் கொண்டுவந்த முதல் ஆள் நீங்கள் அல்ல. சோழர் இருவருள் நலங்கிள்ளி உறையூரை முற்றுகையிட்டு நிற்க, நெடுங்கிள்ளி உள்ளே அடைத்துக்கொண்டு இருந்தபோது, புலவர் கோவூர் கிழார் நடுவே போய்ப் பாடினார். அது புறநானூற்றின் 45ஆம் பாட்டு. உன்னோடு பொருபவன் பனம்பூச் சூடிய சேரனும் அல்லன், வேப்பந்தார் அணிந்த பாண்டியனும் அல்லன், உன் கண்ணியும் ஆத்தி, அவன் கண்ணியும் ஆத்தி, எவர் தோற்றாலும் தோற்பது உங்கள் குடியே என்றார். யார் பக்கம் நியாயம் என்று அவர் தீர்ப்புச் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். இருவர் தலையிலும் இருந்த ஒரே பூவைச் சுட்டிக் காட்டினார்.

உங்கள் வீட்டில் அந்தப் பூ எது என்று தேடுவதிலிருந்து தொடங்குங்கள். இருவரும் போன பள்ளிக்கூடம், இருவரும் மாறி மாறி ஓடிய சைக்கிள், அப்பம்மா இருவருக்கும் எடுத்து வைத்த சாப்பாடு ஆகியவற்றை முதலில் எழுதுங்கள். அயர்லாந்தின் ஹேல்ஸ் சகோதரர்கள் பிரித்தானியருக்கு எதிராக ஒன்றாகப் போரிட்டவர்கள். 1922இல், பிரித்தானியருடன் செய்யப்பட்ட உடன்படிக்கையை ஏற்பதா மறுப்பதா என்பதில் பிரிந்தார்கள். அவ்வருடம் ஓகஸ்ட் 22இல், முன்னாள் தோழரும் உடன்படிக்கையை ஏற்ற தரப்பின் தலைவருமான மைக்கல் கொலின்ஸ் கொல்லப்பட்ட பதுங்கித் தாக்குதலில் டொம் ஹேல்ஸ் ஈடுபட்டிருந்தார். டிசெம்பர் 7இல், டொம் சார்ந்திருந்த அதே தரப்பினர் டப்ளினில் அவருடைய சகோதரர் ஷோனைச் சுட்டுக் கொன்றார்கள். இப்படிப்பட்ட சம்பவங்களைத் திகதிவாரியாக அடுக்கினால் அது அறிக்கையாகவே நிற்கும். பிரிவதற்கு முந்திய தோழமை எத்தகையது என்று வாசகருக்குத் தெரிந்திருந்தால்தான் பிரிவு அவரைத் தாக்கும்.

செய்ய வேண்டிய வேலைகளையும் சொல்கிறேன். சித்தப்பாவிடம் நேரே போய்க் கேளுங்கள். அவர் மறுத்தால் அத்தையிடம் கேளுங்கள், பெரும்பாலும் இரண்டு பக்கத்துக்கும் கடிதம் கொண்டுபோனவர் வீட்டுப் பெண்களுள் ஒருவராகவே இருப்பார். பெரியம்மாவின் சம்மதமின்றிப் பெரியப்பாவின் இறுதி நாட்களைத் தொடாதீர்கள். ஊரையும் பெயர்களையும் தொழிலையும் மாற்றுங்கள், இயக்கங்களின் பெயர்களைப் பற்றிப் பின்னர் முடிவெடுக்கலாம். சித்தப்பாவின் நியாயத்தைப் பெரியம்மா வாசித்தாலும், பெரியப்பாவின் நியாயத்தைச் சித்தப்பா வாசித்தாலும், ஆம், அவர் இப்படித்தான் நினைத்தார் என்று ஒப்புக்கொள்ளும் அளவுக்கு இரண்டையும் எழுதிய பின்னர், கைப்பிரதியை முதலில் அவர்கள் இருவரிடமும் கொடுங்கள்.