வாசகர் கேள்வி – பதில்: மைதான வாசலில் யாருக்குச் சிலை?

கேள்வி: மட்டக்களப்பு நகரில் மகாத்மா காந்திக்கும் சுவாமி விபுலானந்தருக்கும் புலவர்மணி பெரியதம்பிப்பிள்ளைக்கும் சிலைகள் உண்டு. மைதான வாசலில் மெய்வல்லுநர் ஒருவருக்கும் சிலை வைக்க வேண்டும் என்று எங்கள் விளையாட்டுக் கழகத்தில் பேச்சு எழுந்துள்ளது. இது பொருத்தமா? பொருத்தமென்றால் யாருக்கு வைக்கலாம்?
– வாசகர் ஒருவர், கல்லடி

பதில்: மிகவும் பொருத்தம். யாருக்கு என்பதிலும் எனக்குத் தயக்கமில்லை: நாகலிங்கம் எதிர்வீரசிங்கம்.

யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில் படித்த அவர், 1952 ஆம் ஆண்டு ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் இலங்கைக்காக உயரம் பாய்ந்தபோது அவருக்கு வயது 17. அந்த விளையாட்டரங்கின் முன்னால் பின்லாந்தின் நெடுந்தூர ஓட்ட வீரர் பாவோ நூர்மியின் வெண்கலச் சிலை ஓடும் நிலையில் நிற்கிறது. ஒன்பது ஒலிம்பிக் தங்கப் பதக்கங்களை வென்ற நூர்மியே அந்த ஆண்டு அரங்கினுள் தீபம் ஏந்தி ஓடிவந்தார். 1956 இல் எதிர்வீரசிங்கம் மீண்டும் பாய்ந்த மெல்பேர்ன் கிரிக்கெட் மைதானத்தின் வெளியிலும், அதே விழாவில் மூன்று தங்கங்களை வென்ற பெட்டி கத்பேர்ட்டுக்கும், சட்டவேலி ஓட்ட வீராங்கனை ஷேர்லி ஸ்ட்ரிக்லண்டுக்கும் பின்னாளில் சிலைகள் வைக்கப்பட்டன. அவர் பாய்ந்த இரண்டு ஒலிம்பிக் அரங்குகளும் தம் நாட்டு வீரர்களை வாசலிலேயே நிறுத்தி வைத்திருக்கின்றன. 1958 இல் டோக்கியோ ஆசிய விளையாட்டு விழாவில் 2.03 மீற்றர் பாய்ந்து, அவ்விழாக்களில் இலங்கைக்கு முதல் தங்கப் பதக்கத்தைத் தேடித் தந்தவரை நம் பிள்ளைகள் எந்த வாசலில் காண்பது?

அவர் வடக்கைச் சேர்ந்தவராயிற்றே, மட்டக்களப்புக்கும் அவருக்கும் என்ன தொடர்பு என்று கழகத்தில் யாரேனும் கேட்கக்கூடும். அமெரிக்காவின் நியூ ஓர்லியன்ஸ் நகரிலிருந்து வந்து, புனித மிக்கேல் கல்லூரி மாணவர்களை ஓடவும் பாயவும் கூடைப்பந்து ஆடவும் பயிற்றிய இயேசு சபைத் துறவி வெபர் அடிகளாரின் பெயரைத்தான் நகரின் மைதானம் தாங்கி நிற்கிறது. விளையாட்டுக்கு உழைத்தவரின் பிறந்த ஊரை மட்டக்களப்பு ஒருபோதும் விசாரித்ததில்லை. எதிர்வீரசிங்கத்துக்கு மட்டும் அந்த விசாரணை எதற்கு?

கேள்வி: உயரம் பாய்வதற்கு ஒழுங்கான மெத்தை இல்லாத பாடசாலைகள் இருக்கும்போது சிலைக்குப் பணம் செலவழிப்பது நியாயமா?
– உடற்கல்வி ஆசிரியர் ஒருவர், கல்முனை

பதில்: மெத்தைதான் முதலில். எதிர்வீரசிங்கத்தின் காலத்தில் மணலில் விழலாம் என்ற நிலை இருந்தது. 1968 மெக்சிக்கோ ஒலிம்பிக்கில் டிக் பொஸ்பரி முதுகுப்புறமாகப் பாய்ந்து வென்ற பின்னர் அம்முறையே எங்கும் பரவிவிட்டது. மெத்தையின்றி அதைப் பழக்குவது பிள்ளையின் கழுத்தெலும்புக்கே ஆபத்து. ஆகவே விளையாட்டு உபகரணங்களுக்கு ஒதுக்கிய பணத்தில் ஒரு சதத்தையும் சிலைக்காகத் தொடக்கூடாது. ஊரவரும் பழைய மாணவர்களும் வெளிநாடுகளில் வாழும் உறவுகளும் தனியாகச் சேர்க்கும் பணத்தில் சிலை எழட்டும்.

கேள்வி: எங்கள் பகுதியில் உருவச்சிலையை ஏற்காதவர்களும் வாழ்கிறார்கள். அவர்கள் மனம் நோகாமல் ஒரு வீரரை நினைவுகூர முடியாதா? கடற்காற்றில் எது நிலைக்கும்?
– வாசகி ஒருவர், சம்மாந்துறை

பதில்: முடியும். உங்கள் கேள்வி வந்த பிறகு, உருவத்தைவிட இதுவே மேல் என்று எனக்குத் தோன்றிய ஒரு வடிவத்தைச் சொல்கிறேன். வாசலருகே இரண்டு தூண்களை நட்டு, தரையிலிருந்து சரியாக 2.03 மீற்றர் உயரத்தில் ஒரு குறுக்குச் சட்டத்தைப் பொருத்திவிடுங்கள். அது ஏறத்தாழ ஒரு வீட்டு வாசல்நிலையின் உயரம். பத்து வயதுப் பிள்ளை அதன் கீழே நின்று, கையை உயர்த்தி, எட்டாமல் அண்ணாந்து பார்க்கும்போது, ஒரு மனிதர் கைப்பிடி ஏதுமின்றித் தன் கால்வலுவால் மட்டும் அதைக் கடந்து போனார் என்பதை யாரும் விளக்க வேண்டியதில்லை. இது எந்தச் சமூகத்துப் பிள்ளைக்கும் உரியது.

பொருளைப் பொறுத்தவரை, இரும்புக் கம்பி வைத்த சீமெந்து வேண்டாம். கடற்காற்றின் உப்பு சீமெந்தினூடே ஊறிக் கம்பியை அடைந்தால் கம்பி துருவேறிப் பருக்கும். பருத்த கம்பி சீமெந்தை உள்ளிருந்தே பிளந்துவிடும். உப்பைத் தாங்கும் 316 தரத் துருப்பிடிக்காத உருக்கைத் தெரிவு செய்யுங்கள். உருவச்சிலைதான் என்று முடிவானால் வெண்கலம் நல்லது. அதன் மேல் படியும் பச்சைப் படலம் உள்ளிருக்கும் உலோகத்தைப் பெரும்பாலும் காக்கும். எதுவானாலும் இரவில் வெளிச்சம் விழும் இடத்தில், வீதிக்குத் தெரியும்படி வையுங்கள். 2012 ஏப்ரலில் மட்டக்களப்பில் சிலைகள் சேதப்படுத்தப்பட்டது இன்னும் மனத்தை விட்டு அகலவில்லை.

கல்வெட்டில் பெயர், பாய்ந்த உயரம், ஆண்டு, இடம் ஆகியவை தமிழிலும் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் இருக்கட்டும். திறந்து வைத்தவரின் பெயரையும் நிதி தந்தவர்களின் பெயர்களையும் பொறிக்க வேண்டுமென்றால் சிறிய எழுத்தில் பின்பக்கத்தில் பொறியுங்கள். முன்பக்கம் முழுவதும் பாய்ந்தவருக்கே உரியது.