ராஜம் கிருஷ்ணனை எந்த நூலிலிருந்து வாசிக்கத் தொடங்கலாம்?

ராஜம் கிருஷ்ணன் யார், அவருடைய எந்த நாவலை முதலில் எடுக்கலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். யோசிக்காமல் சொல்வேன்: 'கரிப்பு மணிகள்'. காரணம் என் ஆச்சி.

ஆச்சி தூத்துக்குடியில் உப்பளத்து வேலைக்குப் போனவள். வேலையை விட்டு எத்தனையோ வருடம் கழித்தும், ராத்திரியானால் காலை விளக்குப் பக்கம் நீட்டி, பாத வெடிப்புகளுக்குள் தேங்காயெண்ணெயை விரலால் அழுத்தி அழுத்தித் தேய்ப்பாள். எழுதப் படிக்கத் தெரியாது. கல்லூரி விடுமுறை ஒன்றில் இந்த நாவலை அவளுக்குச் சத்தமாக வாசித்தேன். பிழைக்க வழியில்லாமல் உப்பளத்துக்கு வேலைக்குப் போகும் பொன்னாச்சியின் கதை. வெயில், சுமை, குடிக்கத் தண்ணீர் இல்லாத தவிப்பு, கங்காணியின் அத்துமீறல் எல்லாம் வரும். நாலாவது நாள் ஆச்சி நிறுத்தச் சொன்னாள். "ஏல, இந்தப் பொம்பள எந்த அளத்துல வேல பாத்தா?"

எந்த அளத்திலும் இல்லை ஆச்சி, போய்ப் பார்த்துக் கேட்டு எழுதினார் என்றேன். அவள் கடைசிவரை நம்பவில்லை.

1925இல் முசிறியில் பிறந்தவர் ராஜம். பதினைந்து வயதில் கல்யாணம். கல்லூரிப் படிப்பு கிடையாது. கணவர் மின்துறைப் பொறியாளர் என்பதால் ஊர் மாறிக்கொண்டே இருந்தார்கள். நீலகிரியில் வாழ்ந்த அனுபவத்திலிருந்து 'குறிஞ்சித்தேன்' வந்தது. அந்த மலையில் வாழும் படகர் இன மக்களின் வாழ்க்கையில் தேயிலையும் பணமும் புகுந்தபோது உறவுகள் என்னவாயின என்பதைத் தலைமுறை தலைமுறையாகச் சொல்லும் நாவல். எழுதப்போகும் மக்களிடம் நேரில் போய்ப் பேசிப் பழகிவிட்டே எழுத உட்கார்வது அவர் வழக்கம். வட இந்தியாவின் சம்பல் பள்ளத்தாக்குக் கொள்ளைக்காரர்களைப் பற்றி எழுத அங்கேயே போனார். மீனவர்களுக்கு 'அலைவாய்க் கரையில்', தஞ்சை விவசாயக் கூலிகளுக்கு 'சேற்றில் மனிதர்கள்', தீப்பெட்டித் தொழிலில் சிக்கிய பிள்ளைகளுக்குக் 'கூட்டுக் குஞ்சுகள்'. தஞ்சை விவசாயக் கூலிகளுக்காகப் போராடிய மணலூர் மணியம்மையின் வாழ்க்கையை 'பாதையில் பதிந்த அடிகள்' ஆக்கியதும் அவர்தான்.

1973இல் சாகித்ய அகாதெமி விருது 'வேருக்கு நீர்' நாவலுக்குக் கிடைத்தது. தமிழில் அந்த விருதைப் பெற்ற முதல் பெண் எழுத்தாளர் அவர். ஆனாலும் அதை முதலில் எடுக்க வேண்டாம் என்பேன்; மனிதர்களை முந்திக்கொண்டு கருத்துகள் பேசுகிற இடங்கள் அதில் உண்டு. இவர் நாவல்களில் தகவல் கூடுதல், கலை குறைவு என்று விமர்சகர்கள் சொல்வதுண்டு. சில நூல்களுக்கு அது பொருந்தும். ஆனால் அளத்துக்காரி ஒருத்தி தன் வாழ்க்கையை அதில் அடையாளம் கண்டுகொண்டதைப் பக்கத்தில் இருந்து பார்த்தவன் நான். அதைத் தகவல் என்று என்னால் தள்ள முடியாது.

கடைசிக் காலம் மனதைப் பிசையும். கணவர் இறந்த பிறகு, பிள்ளைகளும் இல்லாமல், சேமிப்பையும் இழந்து சென்னையில் முதியோர் இல்லத்தில் இருந்தார். 2009இல் தமிழக அரசு அவர் நூல்களை நாட்டுடைமையாக்கி மூன்று லட்சம் ரூபாய் கொடுத்தது. பெரும்பாலும் எழுத்தாளர் மறைந்த பிறகு நடக்கும் காரியம், இவருக்கு உயிரோடு இருக்கும்போதே நடந்தது. 2014 அக்டோபரில் காலமானார்.

நாட்டுடைமை ஆனதால் பல நாவல்கள் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. வட்டாரப் பேச்சு முதல் சில பக்கங்களில் தடுக்கினால் வாய்விட்டு வாசித்துப் பாருங்கள், பிடிபட்டுவிடும். அடுத்ததாகக் 'குறிஞ்சித்தேன்' எடுங்கள்.